கடல் கடந்து வந்தவரும் கைக்கொண்ட தமிழும்

மட்டக்களப்பு நகரை விட்டுக் கல்லடிப் பாலத்தைக் கடந்து தெற்கு நோக்கிச் செல்பவர்க்கு வழித்துணைக்குக் குறைவில்லை. இடப்புறம் கடல் கூட வருகிறது. வலப்புறம் வாவி கூட வருகிறது. இரண்டுக்கும் நடுவே ஒடுங்கிய மணல்நிலத்தில் தென்னையும் வீடுகளும் நெருங்கி நிற்கின்றன. காத்தான்குடி, ஆரையம்பதி, குருக்கள்மடம், களுவாஞ்சிகுடி, கல்லாறு என்று ஊர்ப்பெயர்ப் பலகைகள் ஒன்றன்பின் ஒன்றாய்த் தோன்றி மறைகின்றன. பெரியநீலாவணையை அடைந்ததும் அம்பாறை மாவட்டம் தொடங்கிவிடுகிறது. 1961ஆம் ஆண்டு வரை இதுவும் மட்டக்களப்பு மாவட்டத்தின் பகுதியாகவே இருந்தது.

அங்கிருந்து அக்கரைப்பற்று வரை ஊர்கள் ஒரு மாலையில் இருநிறப் பூக்களைக் கோத்ததுபோல் அமைந்துள்ளன. மருதமுனை முஸ்லிம்களின் ஊர். அடுத்த பாண்டிருப்பு இந்துக்களின் ஊர். கல்முனையில் இருவரும் வாழ்கின்றனர். கல்முனைக்குடியும் சாய்ந்தமருதும் முஸ்லிம்களின் ஊர்கள். அவற்றையடுத்த காரைதீவு, விபுலாநந்த அடிகள் 1892ஆம் ஆண்டிற் பிறந்த ஊர். பின்னர் நிந்தவூர், ஒலுவில், பாலமுனை, அட்டாளைச்சேனை என முஸ்லிம் ஊர்கள் தொடர்கின்றன. பள்ளிவாசலின் பாங்கொலியும் கோயில் மணியோசையும் ஒரே கடற்காற்றில் மிதந்து வரும் இக்கரையில், இரு சாராரும் வீட்டிலும் வீதியிலும் பேசுவது ஒரே மொழி, அது தமிழ்.

கடல் கடந்து வந்து வேற்று மண்ணிற் குடியேறிய மக்கள் எதனைக் காத்துக்கொள்கிறார்கள், எதனைக் கைவிடுகிறார்கள் என்னும் வினாவை மனத்திற் கொண்டே இம்முறை கல்முனைக்குப் பயணமானேன். அவ்வினாவை எழுப்பியது வெகு தொலைவிலுள்ள ஒரு பனிநாட்டுக் கதை. அதனை முதலிற் கூறிவிடுகின்றேன்.

பனிநாட்டார் கதை

அட்லாந்திக் சமுத்திரத்தின் வடபால் ஐஸ்லாந்து என்றொரு தீவு உண்டு. 1875ஆம் ஆண்டில் அங்கே அஸ்க்யா என்னும் எரிமலை வெடித்துச் சாம்பல் பரவியது. மேய்ச்சல் நிலங்கள் கெட்டன. ஏற்கெனவே வறுமையால் வாடி நாட்டைவிட்டுப் புறப்படத் தொடங்கியிருந்த மக்களின் துயரை அது மேலும் பெருக்கிற்று. அவ்வாண்டிலேயே அம்மக்களில் ஒரு கூட்டத்தார் கனடாவில் வின்னிபெக் ஏரியின் மேற்குக் கரையை அடைந்து, ‘புதிய ஐஸ்லாந்து’ என்னும் பெயரால் ஒரு குடியேற்றத்தை நிறுவினர். அவர்கள் ஊருக்கு இட்ட பெயர் கிம்லி. அடுத்த ஆண்டின் குளிர்காலத்தில் பெரியம்மை நோய் புகுந்து பலரை மாய்த்தது. ஆயினும் நோய் தணிந்த கையோடு, 1877இலேயே தம் மொழியில் ஒரு பத்திரிகை தொடங்கினார்கள்! உணவுக்கும் உறையுளுக்கும் அல்லற்பட்ட காலத்தில் அச்சுப்பொறியைத் தேடிய மக்களை நாம் போற்றாமல் இருக்க முடியுமா?

பின்னர் 1886இல் ‘ஹைம்ஸ்கிரிங்லா’, 1888இல் ‘லொக்பெர்க்’ என இரு வாரப் பத்திரிகைகள் வின்னிபெக் நகரில் எழுந்தன. 1959இல் அவ்விரண்டும் ஒன்றாயின. அவ்விதழ் இன்றும் வெளிவருகிறது. ஆனால் பெரும்பாலும் ஆங்கிலத்தில். ஆண்டுதோறும் ஆகஸ்டு மாதத்தில் கிம்லியில் ஐஸ்லாந்தர் விழா நடைபெறுகிறது. பாட்டிமார் செய்த உலர்பழ அடுக்குப் பலகாரத்தைப் பேரப்பிள்ளைகள் இன்றும் செய்கின்றனர். பாட்டிமார் பேசிய மொழியைப் பேசுவோரோ அருகி வருகின்றனர். விழா தங்கியது, பலகாரம் தங்கியது, மொழி நழுவுகிறது. குடியேறியோர் வரலாற்றில் இது பொதுவாகக் காணும் வழி.

அம்பாறைக் கரையோரத்தில் நாம் காண்பது வேறொரு வழி.

வந்தவர்கள் யார்?

இக்கரை முஸ்லிம்களின் முன்னோர் ஒரே நாளில் ஒரே கப்பலில் வந்து இறங்கியவர்கள் அல்லர். இந்துமா கடலில் வாணிகம் செய்த அராபியர் இலங்கைக் கரைகளிலும் தென்னிந்தியக் கரைகளிலும் தங்கி மணவுறவு கொண்டனர். காயல்பட்டினம், கீழக்கரை, மலையாளக் கரை ஆகிய இடங்களிலிருந்தும் வணிகர்கள் வந்தவண்ணம் இருந்தனர். 17ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் போர்த்துக்கேயர் தம் ஆட்சிக்குட்பட்ட கரையோரங்களிலிருந்து முஸ்லிம்களை வெளியேற்றியபோது, கண்டி மன்னன் செனரத் அவர்களுக்குப் புகலிடம் அளித்து, பெருந்தொகையினரை மட்டக்களப்புப் பகுதியில் குடியேற்றினான் என்பது வரலாறு. 

மட்டக்களப்பில் வழங்கும் செவிவழிக் கதை ஒன்றும் உண்டு. முன்னொரு காலத்தில் முக்குவர் என்பார்க்கும் திமிலர் என்பார்க்கும் போர் மூண்டதாம். முஸ்லிம் வீரர்கள் முக்குவர் பக்கம் நின்று வெற்றி தேடித் தந்தனராம். ‘வேண்டும் பரிசு யாது?’ என்று வினவியபோது, ‘இங்கேயே தங்கி வாழப் பெண் கொடுங்கள்’ என்றனராம். கதை எவ்வளவு உண்மையாயினும் ஆகுக. அதனுள்ளே ஒரு பேருண்மை பொதிந்து கிடக்கிறது. வந்தவர் ஆடவர், வரவேற்றவள் இம்மண்ணின் பெண். பிள்ளைக்கு மார்க்கத்தைத் தந்தை அளித்தான். மொழியைத் தாய் அளித்தாள். தாய்மொழி என்னும் சொல்லுக்கு இக்கரையைப்போல் நேர்ப்பொருள் தரும் இடம் வேறு இல்லை எனலாம்.

தாய்வழிக் குடி

தாய் அளித்தது மொழி மட்டுமன்று. குடியையும் அவளே அளித்தாள். மட்டக்களப்பு, அம்பாறைப் பகுதிகளில் தமிழரும் முஸ்லிம்களும் ‘குடி’ என்னும் பிரிவுகளாக அமைந்துள்ளனர். பிள்ளை தந்தையின் குடியைச் சேர்ந்ததன்று. தாயின் குடியைச் சேர்ந்தது. ஒரே குடிக்குள் மணம் செய்வது மரபன்று. முஸ்லிம்களிடையே பொன்னாச்சி குடி, வரிசைநாச்சி குடி, மாலைகட்டி குடி, ராசாம்பிள்ளை குடி முதலிய பெயர்கள் வழங்குகின்றன. பெண்பாற் பெயர்களும் செந்தமிழ்ச் சொற்களும் இவற்றுள் விரவியிருப்பதைக் காண்க. பள்ளிவாசல் நிருவாகத்தில் ஒவ்வொரு குடிக்கும் ஒரு மரைக்கார் இருந்து, தம் குடியினர்க்குப் பொறுப்பேற்பது நெடுநாள் வழக்கம். 

மணமானதும் மணமகன் மணமகளின் வீட்டுக்கு வருகிறான். மகளுக்கு வீடு கொடுப்பதே பெற்றோரின் முதற்கடன். மூத்த மகளுக்கு இருந்த வீட்டைக் கொடுத்துவிட்டு, அதே வளவில் இன்னொரு வீடு கட்டிக்கொண்டு பெற்றோர் ஒதுங்குவதும் உண்டு. இத்தகைய தாய்வழி முறை மலையாளக் கரையிலும் இருந்ததால், இரு கரைகளுக்கும் பழந்தொடர்பு உண்டென அறிஞர் கருதுவர். அமெரிக்க மானிடவியல் அறிஞர் டெனிஸ் மெக்கில்வ்ரே 1969ஆம் ஆண்டு முதல் அக்கரைப்பற்றில் பல காலம் தங்கி இதனை ஆராய்ந்து, 2008இல் பெருநூல் ஒன்றே வெளியிட்டார். வெளிநாட்டார் ஒருவர் வந்து நம் குடியமைப்பை நமக்கு எடுத்துச் சொல்லவேண்டி நேர்ந்ததை எண்ணும்போது வியப்பும் சிறிது நாணமும் ஒருங்கே தோன்றுகின்றன.

தொழுகையும் நோன்பும்

வட இந்திய முஸ்லிம்கள் இறைவணக்கத்தை ‘நமாஸ்’ என்பர்; உண்ணா விரதத்தை ‘ரோஸா’ என்பர். இரண்டும் பாரசீகச் சொற்கள். கல்முனையிலோ அவை ‘தொழுகை’, ‘நோன்பு’. வழிபடும் இடம் ‘பள்ளி’. திருநாள் ‘பெருநாள்’. வேதத்தைப் படிப்பது ‘ஓதுதல்’. பள்ளி என்பது முற்காலத்தில் சமணர், பௌத்தர் உறைவிடத்தைக் குறித்த சொல்; நோன்பும் நம் பழைய சொல்லே. மார்க்கத்தின் உயிர்நிலையான கருத்துகளுக்கே வேற்றுச் சொல் வேண்டாது தமிழ்ச் சொல்லைத் தேர்ந்துகொண்ட மக்கள், தமிழை இரவல் ஆடையாக உடுத்தவர்கள் ஆகார். அது அவர்களுடைய மேனியே ஆயிற்று.

பழந்தலைமுறையின் திருமணத்தில் முஸ்லிம் பெண்கள் குரவையிட்டனர். மணமகளுக்குத் தாலியும் கட்டினர். வயலை ‘வட்டை’ என்பதும், நிலக்கிழாரைப் ‘போடியார்’ என்பதும், நெற்களத்திலே ‘பொலி, பொலி’ என முழங்குவதும் இரு சமயத்தார்க்கும் பொது. கரைவலை இழுப்போரும் கதிர் அறுப்போரும் கவி பாடினர். எழுதப் படிக்க அறியாத பெண்களும் இன்பத்தையும் ஏக்கத்தையும் நான்கடிக் கவிகளாகக் கட்டினர். நிந்தவூர் முத்துமீரான் போன்றோர் அவற்றைத் தேடித் தொகுத்திராவிடின் எத்தனையோ கவிகள் காற்றோடு போயிருக்கும்.

ஒரு வீட்டின் திண்ணையில்

கல்முனைக்குடியில் கடற்கரையை அடுத்த ஒரு வீட்டுக்கு நண்பர் ஒருவர் என்னை அழைத்துச் சென்றார். எண்பது வயதைக் கடந்த ஒரு மூதாட்டி திண்ணையில் அமர்ந்திருந்தார். பேத்தி ஒலுவிலில் உள்ள தென்கிழக்குப் பல்கலைக்கழகத்திற் பயில்பவர்.

“வாங்க மகன், இரிங்க. தேத்தண்ணி குடிச்சிட்டுத்தான் போகணும்” என்று வரவேற்ற மூதாட்டி, அடுத்து வினவியது என் பெயரையன்று.

“எந்தூரு மகன்?”

“மட்டக்களப்பு.”

“என்ன குடி?”

நான் விழித்தேன். என் தாயார் என்றோ சொல்லியிருக்கக்கூடும், எனக்கு நினைவில்லை. “தெரியாது, உம்மா” என்றேன்.

“பெத்த தாய்ட குடி தெரியாம இரிக்கலாமா மகன்?” என்று அவர் கேட்ட குரலிற் கண்டனம் இல்லை, பரிவே இருந்தது. அது என்னை அதிகமாகச் சுட்டது.

அமர்ந்த கதிரையும், சுவரோரத்து வாங்கும் அலுமாரியும், தட்டில் வந்த பாணும் போர்த்துக்கேயர் விட்டுச் சென்ற சொற்கள். உடன் வந்த சம்பல் மலாய்ச் சொல். நண்பர் வேலைபார்க்கும் கந்தோர் ஒல்லாந்தர் சொல். ‘உம்மா’ அரபு. ‘திண்ணை’யும் ‘தேத்தண்ணி’யில் உள்ள தண்ணீரும் தமிழ். ஒரு வீட்டுக்குள்ளே எத்தனை கப்பல்கள் நங்கூரமிட்டுள்ளன!

பேத்தி உள்ளே சென்று துணியிற் சுற்றிய ஒரு பழம்புத்தகத்தைக் கொண்டுவந்தார். பார்த்த மாத்திரத்தில் அரபு நூல் என்றே எண்ணினேன். வலப்புறத்திலிருந்து இடப்புறமாக எழுத்துகள் ஓடின. மூதாட்டி மூக்குக்கண்ணாடியை அணிந்துகொண்டு, மெல்லிய இராகத்துடன் படிக்கத் தொடங்கினார். என் செவியில் விழுந்தது தமிழ்! தாய்க்குச் செய்யவேண்டிய கடமைகளைப் பற்றிய தெளிந்த தமிழ்.

இதுவே அரபுத் தமிழ். தமிழை அரபு எழுத்தால் எழுதும் முறை. அரபு மொழியில் பகரம் இல்லை. டகரம், ளகரம், ழகரம், ஞகரம் இல்லை. எகர ஒகர உயிர்களும் இல்லை. எனவே அரபு எழுத்துகளுக்கு மேலும் கீழும் புள்ளிகள் கூட்டியும் புதிய குறிகள் அமைத்தும் தமிழ் ஒலிகளுக்கு இடமளித்தனர் முன்னோர். காயல்பட்டினம், கீழக்கரை, இலங்கை ஆகிய இடங்களில் மார்க்க நூல்கள், மருத்துவக் குறிப்புகள், பாடல்கள், கடிதங்கள் யாவும் இவ்வாறு எழுதப்பட்டன. கீழக்கரையைச் சார்ந்த மாப்பிள்ளை லெப்பை ஆலிம் 19ஆம் நூற்றாண்டில் இம்முறையில் எழுதிய நூல்கள் கடல் கடந்தும் பரவின. பள்ளிக்கூடம் செல்லாத பெண்களும் ஓதும் பள்ளியில் அரபு எழுத்தைக் கற்றனர். அவ்வெழுத்தின் வழியே தமிழ் நூல்களைப் படித்தனர். தமிழ் எழுத்து அறியாத தமிழறிவு!

“எனக்கு இதைப் படிக்கத் தெரியாது. குர்ஆன் ஓதுவேன்; தமிழும் எழுதுவேன். ஆனால் இரண்டையும் சேர்த்த இதைப் படிக்க எவரும் கற்றுத்தரவில்லை” என்றார் பேத்தி. பள்ளிக்கூடங்கள் பெருகித் தமிழ் எழுத்து எல்லார்க்கும் எட்டியதும், அச்சுநூல்கள் மலிந்ததும் அரபுத் தமிழின் தேவையைக் குறைத்துவிட்டன. கல்வி வளர்ந்தது நன்மையே. ஆயினும் அந்நன்மை ஒரு கதவை மெல்லச் சாத்திவிட்டது. 

எஞ்சியிருந்த ஏடுகளைக் கடலும் கொண்டது. 2004ஆம் ஆண்டு டிசம்பர் 26ஆம் நாள் ஆழிப்பேரலை இக்கரையை அழித்தபோது அம்பாறை மாவட்டத்தில் பதினாயிரத்துக்கு மேற்பட்டோர் மாண்டனர். இலங்கையில் மிகுதியான உயிர்களை இழந்த மாவட்டம் இதுவே. மனிதரை இழந்த மக்கள் புத்தகத்துக்காக அழுவார்களா? “பொட்டி நிறையக் கிதாபு இருந்திச்சு மகன். கடலுக்குப் போயிட்டு. இது மட்டும் மகள் வீட்டுல இருந்ததால தப்பிச்சு” என்றார் மூதாட்டி.

இப்பொழுது ஓய்வு நாள்களில் அவர் படிக்கிறார். பேத்தி தமிழ் எழுத்தில் ஒரு கொப்பியில் எழுதுகிறார். பாதிக்கு மேல் முடிந்துவிட்டதாம்.

நாகூரின் நிழல்

மாலையில் கடற்கரைப் பள்ளிவாசலுக்குச் சென்றோம். நாகூர் சாகுல் ஹமீது ஆண்டகையின் நினைவாக எழுந்த தர்கா அது. ஆண்டகை 16ஆம் நூற்றாண்டில் வாழ்ந்து அடங்கியது தமிழகத்து நாகூரில். இங்கே அவருடைய உடல் இல்லை, நினைவு இருக்கிறது. ஆண்டுதோறும் ஜமாதுல் ஆகிர் மாதத்தில் நாகூரிற் கொடியேறும் காலத்தில் இங்கும் கொடியேறுகிறது. சிங்கப்பூரில் தெலோக் ஆயர் வீதியில் 1828க்கும் 1830க்கும் இடையே கட்டப்பட்ட நாகூர் தர்காவும், பினாங்குத் தர்காவும் இதன் உடன்பிறப்புகள். தமிழ் முஸ்லிம் வணிகரும் மாலுமிகளும் கப்பலேறிச் சென்ற துறைகளிலெல்லாம் நாகூரின் நிழலையும் கொண்டு சென்றனர். கிம்லியில் ஐஸ்லாந்தர் விழா எதுவோ, அதுவே இக்கடலில் நாகூர்க் கொடி.

இக்கரையில் மொழியைக் கைக்கொண்டோர் மட்டுமன்றி, கைவிடாது காப்போரும் உளர். அக்கரைப்பற்றை அடுத்த அளிக்கம்பை என்னும் சிற்றூரில் முன்பு பாம்பாட்டியும் குறிசொல்லியும் நாடோடிகளாகத் திரிந்த மக்கள் நிலையாக வாழ்கின்றனர். வெளியே தமிழ் பேசும் அவர்களின் வீட்டுமொழி தெலுங்கு. பத்திரிகையின்றி, நூலின்றி, நாவினாலேயே ஒரு மொழியைத் தலைமுறை தலைமுறையாகச் சுமந்து வந்துள்ளனர். மட்டக்களப்பிலும் அக்கரைப்பற்றிலும் உள்ள பறங்கியர் சிலரோ போர்த்துக்கேய வழிவந்த கலப்பு மொழியை வீட்டில் வழங்கி வந்தனர். இன்று அதனை அறிந்தோர் மிகச் சிலர்.

இழக்கக் கூடாதது

ஒரு கசப்பையும் சொல்லாமல் விடுதல் நேர்மையாகாது. 1980களிலும் 1990களிலும் போரின் கொடுமை இவ்வூர்களுக்கு இடையிலே சுவர் எழுப்பியது. ஒருவரையொருவர் ‘மச்சான்’ என்றழைத்து ஒரே வட்டையில் விதைத்தவர்கள், ஒருவர் ஊருக்குள் ஒருவர் செல்ல அஞ்சிய காலம் இருந்தது. இரு புறமும் இரத்தம் சிந்தப்பட்டது. இன்று வீதியிற் போக்குவரத்து உண்டு, சந்தையிற் கொடுக்கல் வாங்கல் உண்டு. ஆனால் ஒருவர் வீட்டுத் திண்ணையில் மற்றவர் அமரும் பழக்கம் முன்போல் மீளவில்லை. மொழி ஒன்றாயிருந்தும் பேச்சு நின்றுபோகக்கூடும் என்பதை இக்கரை நமக்குக் காட்டிவிட்டது.

பேச்சை மீட்கும் வழியையும் இக்கரையே காட்டியிருக்கிறது. காரைதீவிற் பிறந்த விபுலாநந்த அடிகள் இலங்கைப் பல்கலைக்கழகத்தின் முதல் தமிழ்ப் பேராசிரியராக விளங்கியபோது அவரிடம் தமிழ் பயின்றவர் பாணந்துறையைச் சார்ந்த ம. மு. உவைஸ். அவரே பின்னாளில் மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் இஸ்லாமியத் தமிழ் இலக்கியத்துக்கு முதற் பேராசிரியராக அமர்ந்து, மறைந்து கிடந்த நூல்களைத் தேடித் தொகுத்தார். துறவி ஆசிரியர், முஸ்லிம் மாணவர். இருவர்க்கும் இடையே நின்றது தமிழ். கல்முனைக்குடியிற் பிறந்த எம். ஏ. நுஃமானும் மருதமுனைப் புலவர்மணி ஷரிபுத்தீனும் அத்தமிழுக்கே தம் வாழ்வை அளித்தவர்கள்.

இன்று கனடாவிலும் இங்கிலாந்திலும் நம் பிள்ளைகள் வளர்கின்றனர். கிம்லி ஊரார் எதிர்கொண்ட வினா இப்போது தொரொன்ரோவில் வாழும் தமிழ்த் தாயின் சமையலறையில் வந்து நிற்கிறது. விழா எடுத்தால் மட்டும் போதுமா? பலகாரம் செய்தால் மட்டும் போதுமா? கல்முனை மூதாட்டியும் பேத்தியும் செய்வதே நேர்வழி என எனக்குத் தோன்றுகிறது. ஒருவர் வாய்விட்டுப் படிக்கவேண்டும். ஒருவர் அருகிருந்து எழுதவேண்டும். அதற்கு மன்றமும் வேண்டாம், மானியமும் வேண்டாம். ஒரு கொப்பியும் ஓய்வுநாட் பொழுதும் போதும். மாணவர்களே, உங்கள் வீட்டு முதியவர் நாவில் மட்டுமே வாழும் சொற்கள் எத்தனை உண்டு என்று இன்றே எண்ணிப் பாருங்கள்.

இரவு வண்டியில் மட்டக்களப்புக்குத் திரும்பினேன். வாசலிற் கால் வைத்ததும் தாயாரிடம், “அம்மா, நாம் என்ன குடி?” என்று வினவினேன். அடுப்படியிலிருந்து வந்த அவர் என்னை ஒருகணம் உற்று நோக்கினார். “இத்தனை வயதுக்குப் பிறகாவது கேட்டாயே” என்று சொல்லி, எங்கள் குடிப்பெயரையும், அவர் தாயின் பெயரையும், அத்தாயின் தாயின் பெயரையும் ஒன்றன்பின் ஒன்றாய்ச் சொன்னார். நான் கொப்பியை எடுத்து எழுதிக்கொண்டேன்.